டன்சேனியின் காலக் கடவுளரும் நம் காமன் கூத்தும்

காலத்தை அஞ்சாத மனிதன் இல்லை. அஞ்சப்படும் ஒன்றுக்கு உருவும் பெயரும் கொடுத்து வழிபடுவதும், வழிபட்டு அதனோடு ஒருவாறு உடன்படிக்கை செய்துகொள்வதும் மனித குலத்தின் பழைய வழக்கம். மழைக்கு இந்திரன், கடலுக்கு வருணன், அம்மை நோய்க்கு மாரி என்றாற்போலக் காலத்துக்கும் கடவுளர் பலர் நம்மிடையே உளர். ஆயினும், இக்கட்டுரையில் நாம் முதற்கண் எடுத்துக்கொள்வது எவராலும் வழிபடப்படாத ஒரு சமயம். கோயிலும் திருவிழாவும் இன்றி, ஒரே மனிதரின் எழுதுகோலிற் பிறந்து, ஏட்டிலேயே வாழும் சமயம் அது. அயர்லாந்து நாட்டவரான டன்சேனி பிரபு (1878 - 1957) 1905ஆம் ஆண்டில் வெளியிட்ட 'பெகானாவின் தேவர்கள்', அடுத்த ஆண்டில் வெளியிட்ட 'காலமும் தேவர்களும்' என்னும் இரு நூல்களையும் அச்சமயத்தின் வேதங்கள் எனலாம். அக்கற்பனைச் சமயத்தை, நம் மலைநாட்டுத் தோட்டங்களில் மாசித் திங்களில் ஆடப்பெறும் காமன் கூத்தோடு ஒப்புநோக்கி, இரண்டுக்கும் இடையேயுள்ள ஒரு வேற்றுமையை எடுத்துக்காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இவ்வொப்பீடு சிலருக்கு வியப்பளிக்கக்கூடும். ஒன்று, ஆங்கிலத்தில் எழுந்த கற்பனைக் கதை இலக்கியத்தின் முன்னோடி என்று போற்றப்படுவது. மற்றொன்று, நம்மவருட் கற்றோர் சிலராலேயே பாமரர் கூத்தென்று ஒதுக்கப்படுவது. யான் ஆசிரியனாகப் பணிபுரியும் கந்தப்பளைப் பகுதியில், படித்து முன்னேறிய இளைஞர் சிலர், "இனி இந்தக் கூத்து நமக்கு வேண்டாம், கோயிலில் ஆகம முறைப்படி பூசை நடந்தாற் போதும்" என்று கூறக் கேட்டிருக்கிறேன். அவர்கள் என் பழைய மாணவர்கள். அவர்களது நல்லெண்ணத்தில் எனக்கு ஐயமில்லை. ஆயினும், அவர்கள் எதனைக் கைவிடத் துணிகின்றனர் என்பதை எண்ணிப் பார்த்தனரா என்னும் கவலை உண்டு. அவர்களுக்கு விடை கூற முயன்றபோதே இக்கட்டுரை உருவாயிற்று.

1. இலக்கணம் தரும் குறிப்பு

பத்தாம் வகுப்பில் திணை, பால் பற்றிய பாடம் நடந்துகொண்டிருந்த ஒரு நாள், மாணவி ஒருத்தி எழுந்து, "சேர், காலன் வந்தான் என்கிறோம், காலம் வந்தது என்கிறோம். இரண்டும் சாமிதானே? ஒன்று மட்டும் ஏன் அஃறிணை?" என்று கேட்டாள். அக்கேள்விக்கு உடனே விடை கூற என்னால் இயலவில்லை. மறுநாள் தொல்காப்பியத்தோடு வகுப்புக்குச் சென்றேன்.

சொல்லதிகாரத்தின் முதலியலாகிய கிளவியாக்கத்தில், பொருளால் உயர்திணையாயினும் சொல்லால் அஃறிணை முடிபு கொள்ளும் பெயர்கள் தொகுத்துக் கூறப்படுகின்றன. உலகம், உயிர், ஞாயிறு, திங்கள் முதலியவற்றோடு காலம் என்பதும் அத்தொகுதியில் இடம்பெறுகின்றது. ஆண்டுக் காலம் என்றது காலக்கடவுளை என்று சேனாவரையர் உரை வகுத்தார். எனவே, தமிழிலக்கணத்தின்படி காலம் கடவுளே. ஆயினும் அக்கடவுளை 'வந்தார்' என்று கூறும் வழக்கு இல்லை. 'வந்தது' என்றே கூறுகிறோம். காலனாகிய யமனோ ஆண்பால் ஏற்று 'வந்தான்' எனப்படுகிறான்.

இதனுள் ஓர் உண்மை பொதிந்துள்ளது. காலம் நம்மோடு பேசுவதில்லை, வருகின்றது, போகின்றது. காலன் பேசப்படத்தக்கவன், அவனை ஏசலாம், இரக்கலாம், தடுக்கவும் முயலலாம். காலத்தை அஃறிணையில் நிறுத்திய தமிழ், காலனை மட்டும் உயர்திணையில் வைத்தது, அவனோடு மனிதருக்கு வழக்காட வேண்டிய தேவை இருந்தமையால் என்று கொள்வதில் இழுக்கில்லை. இக்குறிப்பை மனத்திற் கொண்டு டன்சேனியின் நூல்களுட் புகுவாம்.

2. நாயும் பறையும் ஏடும்

பெகானாவின் தேவர்களுக்கெல்லாம் மேலானவன் மானா-யூட்-சூசாய் என்னும் முதல்வன். அவன் தேவர்களைப் படைத்தபின் உறக்கத்தில் ஆழ்கின்றான். அவ்வுறக்கம் கலையாதிருக்கும்பொருட்டு ஸ்கார்ல் என்பான் இடைவிடாது பறை முழக்குகின்றான். அப்பறை ஓய்ந்தால் முதல்வன் விழிப்பான். அவன் விழித்தால் தேவர்களும் இல்லை, உலகங்களும் இல்லை. படைக்கப்பட்டன யாவும் ஒரு பறையொலியின் நீளத்தளவே வாழ்கின்றன என்பது இப்புனைவின் கருத்து.

இரண்டாவதாக, நாழிகைகளை அழிக்கும் தேவனாகிய சிஷ் வருகின்றான். காலமே அவனுடைய வேட்டை நாய். அவன் முன்னோக்கி நடப்பதன்றி ஒருபோதும் பின்வாங்கி அடிவைத்தவன் அல்லன். மூன்றாவதாகத் திரோகூல் என்னும் ஒன்று. அது தேவனுமன்று, விலங்குமன்று. பெரியதோர் ஏட்டின் பக்கங்களைப் புரட்டுவதே அதன் தொழில். வெள்ளைப் பக்கம் பகல். கரிய பக்கம் இரவு. புரட்டிய பக்கம் மீளப் புரட்டப்படுவதில்லை. ஏடு முடியும்போது யாவும் முடியும்.

இம்மூன்று உருவங்களும் நமக்குப் புதியன அல்ல. நாயை ஊர்தியாகக் கொண்ட காலபைரவர் நம் கோயில்களிற் காவல் நிற்கிறார். கூத்தப்பிரானின் வலக்கையில் உடுக்கை உண்டு. யமனுடைய அவையில் ஏட்டோடு சித்திரகுப்தன் அமர்ந்திருக்கிறான். டன்சேனி இவற்றை நம்மிடமிருந்து பெற்றார் என்று யான் கூறவில்லை. காலத்தை எண்ணிப் பார்க்கும் மனம் எந்நாட்டதாயினும், துரத்தும் விலங்கு, அளவிடும் ஒலி, பதியும் கணக்கு ஆகிய இம்மூன்றையும் சென்றடையும் போலும் என்றே கருதுகிறேன்.

ஆயினும் ஒரு நுண்ணிய வேறுபாட்டை இங்கேயே சுட்டுதல் வேண்டும். பெகானாவின் பறை முதல்வனை உறங்கச் செய்வது. இறைவன் அறியாதிருப்பதனாலேயே உலகம் நிலைபெறுகின்றது. சிவபிரானின் உடுக்கையோ படைப்பைக் குறிப்பதென்று உண்மை விளக்கம் முதலிய சித்தாந்த நூல்கள் கூறும். இறைவன் அறிந்து, விழித்து முழக்குவதனாலேயே உலகம் தோன்றுகின்றது. மேலும், சைவசித்தாந்தம் காலத்தை முப்பத்தாறு தத்துவங்களுள் ஒன்றாக வைத்து, அசுத்த மாயையினின்றும் தோன்றிய சடம் என்று ஒதுக்கிவிடுகின்றது. தொல்காப்பியர் காட்டிய அஃறிணை முடிபுக்கு இதுவும் இயைந்ததேயாம்.

3. தோட்டத்தின் காலம்

நாய், பறை, ஏடு என்னும் மூன்றும் நூலிற் படித்துத்தான் அறியவேண்டியன என்பதில்லை. தேயிலைத் தோட்டத்திற் பிறந்தவருக்குப் பின்னிரண்டும் அன்றாட வாழ்வு. முன்னாளில், விடியுமுன்னே பிரட்டுக்குத் தப்பு முழங்கும். லயங்களில் விளக்குகள் எரியும். குளிரில் நடுங்கிக்கொண்டே மக்கள் பிரட்டுக் களத்திற்குச் செல்வர். மடகொம்பரையிற் பிறந்து, 1947இல் தலவாக்கலையின் பிரதிநிதியாகப் பாராளுமன்றம் சென்ற சி. வி. வேலுப்பிள்ளை, தேயிலைத் தோட்டத்தைப் பற்றி ஆங்கிலத்தில் யாத்த நெடும்பாட்டை அவ்விடியற் பறையொலியோடேயே தொடங்கினார் என்பது நினைக்கத்தக்கது. சக்தி பாலையா அதனைத் தமிழாக்கித் தந்தார்.

திரோகூலின் ஏட்டுக்கு நிகராகத் தோட்டத்திற் கணக்கப்பிள்ளையின் செக்ரோல் இருந்தது. ஒரு நாள் உழைப்பை நம் மக்கள் 'ஒரு பெயர்' என்று வழங்குவர். உழைப்புக் குறைந்தால் 'அரைப்பெயர்'. ஒருவருடைய பகற்பொழுது அவருடைய பெயராகவே மாறி ஏட்டில் ஏறுவதும், அது சில வேளை பாதியாக வெட்டப்படுவதும் எத்துணைக் கொடிய உருவகம்! டன்சேனியின் கற்பனை இவ்வளவு தூரம் செல்லவில்லை. நாட்களை எண்ணும் ஏட்டை அவர் புனைந்தார். மனிதனின் பெயரைப் பாதியாக்கும் ஏட்டை அவர் அறியார்.

'காலமும் தேவர்களும்' என்னும் நூலின் முதற்கதையில், தேவர்கள் கனவிற் கண்டு எழுப்பிய சர்தாத்திரியன் என்னும் பளிங்கு நகரத்தை அவர்களுடைய ஏவலனாகிய காலமே வாள்கொண்டு வீழ்த்திவிடுகின்றது. அதனைப் படிக்குந்தோறும் எனக்கு எம்மூர் நினைவே எழும். நானுஓயாவிலிருந்து நுவரெலியா, கந்தப்பளை வழியாக இராகலை வரை 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஒரு சிற்றிரயில் ஓடிற்று. 1940களில் அது நின்றது, தண்டவாளமும் கழற்றப்பட்டது. இரயிலாவது இரும்பு. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் எம் மக்களை நாடற்றவராக்கியது. 1964ஆம் ஆண்டின் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியா ஏற்பதென்றும், 300,000 பேருக்கு இலங்கை குடியுரிமை வழங்குவதென்றும் வகுத்தது. ஒரே லயத்தில் அண்ணன் தலைமன்னார் வழியே கப்பலேறத் தம்பி இங்கே தங்கினான். பளிங்கு நகரம் வீழ்ந்ததற்குத் தேவர்கள் புலம்பினர். இவர்களுக்காகப் புலம்பியவர் யார்?

4. கேட்பாரில்லாத புலம்பல்

இவ்விடத்திலேதான் கற்பனைச் சமயத்தின் குறை வெளிப்படுகின்றது. டன்சேனியின் தேவர்கள் புலம்புகின்றனர் என்பது உண்மை. ஆனால் அப்புலம்பலைக் கேட்டு இரங்குவார் ஒருவரும் இலர். "எம்மையும் வீழ்த்துவாயோ" என்று அவர்கள் வினவ, காலமோ கையை வாளின்மேல் வைத்தவண்ணம் தேவருள் இளையவனை நோக்குகின்றது. பெகானாவின் பூசகர்களும், மானா-யூட்-சூசாயை வேண்டாதீர் என்றே மக்களுக்கு விதிக்கின்றனர்; மனிதரின் துயரத்தைக் கொண்டு முதல்வனைத் தொல்லைப்படுத்தலாகாதாம். மரணத்தின் தலைவனாகிய மங் என்பவனை வழியிற் சந்திக்கும் மனிதன், இவ்வழியே வந்தேனே என்று வருந்துகின்றான். வேறு வழியால் வருவது உனக்கு இயல்வதாயிருப்பின் உலகத்தின் அமைப்பே வேறாயிருந்திருக்கும் என்பது மங் கூறும் விடையின் கருத்து.

இவ்விடையின் நேர்மையைப் பாராட்டாமல் இருக்க முடியாது. பொய்யான ஆறுதல் ஒன்றும் அதில் இல்லை. இலக்கியம் என்ற அளவில் அது உயர்ந்ததே. ஆயினும் அது சமயமாகாது. அச்சத்தைக் கூறுவது மட்டும் சமயமன்று. அஞ்சியவன் வாய்திறந்து ஒன்றைக் கேட்பதற்கும், கேட்டது செவியில் ஏறுவதற்கும் இடம் தருவதே சமயம். பெகானாவில் நாய் உண்டு, பறை உண்டு, ஏடும் உண்டு, இரதி இல்லை.

5. இரதி கேட்டது

காமன் கூத்தின் கதையை யாவரும் அறிவர். மாசி அமாவாசைக்குப் பின் மூன்றாம் பிறையளவிற் கம்பம் நடப்படும். முழுமதி நாளிற் காமதகனம். இடைப்பட்ட இரவுகளில் மதனும் இரதியும் வேடம்பூண்டு ஆடுவர். தேவர்களின் ஓலையைத் தூதன் கொணர்கின்றான், சிவபிரானின் தவத்தைக் கலைக்க மதன் புறப்படுகின்றான், இரதி தடுக்கின்றாள். அவன் கேளாமற் சென்று நெற்றிக்கண்ணின் தீயில் நீறாகின்றான். அதன்பின் எழும் இரதி புலம்பலே கூத்தின் உயிர்நிலை.

புலம்பலோடு கதை முடிந்துவிடுவதில்லை. இரதி இறைவனிடம் கேட்கின்றாள், இறைவன் இரங்குகின்றான். கச்சியப்பரின் கந்தபுராணமும் இதனையே கூறும். ஆயினும் மீண்டு வரும் மன்மதன் பழைய மன்மதன் அல்லன். இரதியின் கண்ணுக்கு மட்டும் அவன் உருவுடையவன், ஏனையோருக்கு உருவிலி. இந்நிபந்தனையை ஊன்றி நோக்குதல் வேண்டும். இழப்பு நடவாததுபோல் ஆக்கப்படவில்லை. எரிந்தது எரிந்ததே. ஆயினும், இழந்தவளுக்கு மட்டும் இழந்தது காணக் கிடைக்கின்றது.

தமிழ்நாட்டின் லாவணிப் பாட்டில், காமன் எரிந்தான் என்று ஒரு கட்சியும், எரியவில்லை என்று மற்றொரு கட்சியும் விடிய விடிய வாதிடும் வழக்கம் உண்டு. காலம் அழித்ததா, அழிக்கவில்லையா என்னும் பெருவினாவை வாதுக்கு விடும் துணிவு பெகானாவின் பூசகர்களுக்கு இல்லை.

சோழநாட்டின் அட்டவீரட்டத் தலங்களுள் இரண்டை இங்கே நினைவுகூர்தல் பொருந்தும். திருக்குறுக்கையிற் காமன் எரிக்கப்பட்டான். திருக்கடவூரில், மார்க்கண்டேயர்பொருட்டுக் காலன் உதைக்கப்பட்டான். காமனுக்காக இரதி வேண்டினாள். காலனுக்காகவும் வேண்டினர் என்பதைப் பலர் மறந்துவிடுகின்றனர். இறப்பு ஒழிந்தமையால் நிலமகள் பாரம் தாங்காது வருந்தினாள் என்றும், தேவர்கள் வேண்ட இறைவன் யமனை மீண்டும் எழுப்பினான் என்றும் புராணம் கூறும். ஆகவே, பிறப்புக்குக் காரணமான காமனும், இறப்புக்குக் காரணமான காலனும் ஒரே இறைவனால் வீழ்ந்து, பிறர் வேண்டுதலால் மீண்டவர்கள். நம் சமயத்திற் காலத்தின் இரு முனைகளும் ஒரு விண்ணப்பத்தின்மீதே நிற்கின்றன. இன்றும் அறுபது ஆண்டு நிறைந்த தம்பதியர் திருக்கடவூர் சென்று மணிவிழாக் கொண்டாடுவது அவ்விண்ணப்பத்தின் தொடர்ச்சியேயாம்.

6. ஒரு தடையும் விடையும்

"இவையெல்லாம் ஆறுதற் கதைகள், மார்க்கண்டேயர் ஒருவர் பிழைத்தார், மற்றையோர் பிழைத்தனரா?" என்று கேட்போர் உளர். நியாயமான கேள்வியே. மங் கூறிய விடைக்கு முன்னால் மார்க்கண்டேயர் கதை சற்று எளிதாகவே தோன்றுகின்றது என்பதை யானும் ஒப்புவேன். ஆனால் இரதியின் கதை அத்தகையதன்று. அவள் பெற்றது சாவாமையன்று. பிறர் காணாத ஒன்றைக் காணும் உரிமை.

இதன் பொருளை யான் நூலிற் கற்கவில்லை. சில ஆண்டுகளுக்கு முன், எம்மூரை அடுத்த தோட்டமொன்றில் இரதி புலம்பலைக் கண்டுகொண்டிருந்தேன். இரதி வேடமிட்டவர் கொழுந்து மடுவத்தில் வேலை செய்யும் ஓர் ஆடவர். குரலும் அத்துணை இனியதன்று. எனினும், சுற்றியிருந்த மூதாட்டிகள் யாவரும் கண்ணீர் வடித்தனர். என் அருகில் இருந்த அம்மையார் மெல்லிய குரலில் ஒரு பெயரைச் சொல்லிக்கொண்டிருந்தார். அது மன்மதனின் பெயரன்று. பல்லாண்டுகளுக்கு முன் கப்பலேறிச் சென்று, கடிதமும் நின்றுபோன அவர் தமையனின் பெயர். வேறெவருக்கும் உருவிலியான அவரை அவ்வம்மையார் அவ்விரவிற் கண்டார் என்றே நம்புகிறேன்.

கூத்து முடிந்தபின் தப்படித்த முதியவரோடு பேசினேன். இளமையிற் பிரட்டுக்கும் அவரே தப்படித்தவராம். இரண்டுக்கும் அடி வேறோ என்று வினவினேன். "அடி வேறதாங்க சேர். ஆனா தப்பு இதேதான். காலையில அடிச்சது தொரைக்கு, ராத்திரி அடிக்கிறது நமக்கு" என்றார். டன்சேனியின் ஸ்கார்ல் முதல்வனின் உறக்கத்துக்காக ஓயாது முழக்குகின்றான். தனக்கென ஓர் இரவு முழக்க அவனுக்கு வாய்க்கவில்லை.

முடிவுரை

டன்சேனி பிரபுவின் நூல்களை நம் மாணவர்கள் கற்றல் வேண்டும். பிறப்பு, இறப்பு, நாழிகை ஆகியவற்றை அச்சமின்றி நோக்கும் அவருடைய பார்வையும், விவிலிய நடையை ஒட்டிய அவருடைய உரைநடையும் பயன் தருவன. ஒரு தனி மனிதரின் கற்பனை எவ்வளவு தூரம் செல்லக்கூடும் என்பதற்கு அவை சான்று. அது எங்கே நின்றுவிடும் என்பதற்கும் அவையே சான்று. காலத்தின் கடவுளரை ஒருவர் தனியே இருந்து புனைந்துவிடலாம். அவர்களிடம் கேட்கப்படும் கேள்வியைத் தனியொருவர் புனைய முடியாது. அது பலருடைய இழப்பினின்றும் தலைமுறைதோறும் திரண்டு வருவது.

என் பழைய மாணவர்களுக்கு யான் கூற விரும்புவது இதுவே. கோயிற் பூசை நடக்கட்டும், ஆகமம் சிறக்கட்டும். ஆனால் மாசி இரவின் தப்பை ஓயவிடாதீர்கள். நம் பாட்டன்மாரின் பகற்பொழுதுகள் பிறருடைய ஏட்டில் ஏறி, பெயராகவும் அரைப்பெயராகவும் எழுதித் தீர்ந்தன. அவர்கள் தமக்கென வைத்திருந்தவை அந்தச் சில இரவுகளே. கந்தப்பளை மாணவி கேட்ட கேள்விக்கும் இன்று என்னால் விடை கூற முடியும். காலம் அஃறிணைதான், மகளே. அது நம் சொல்லைக் கேளாது. ஆயினும் காலத்தையும் காலனையும் கடந்த ஒருவனிடம் இரதி கேட்டாள், அவன் கேட்டான். அவள் கேட்ட குரலை நாம் மறந்துவிடலாகாது.